பதினாறில் ஒரு சொல்

பத்திரிகைக்காரர்கள் கைப்பேசியில் தினமும் போடுகிற இந்தப் பதினாறு சொல் புதிரைப் புதிதாக விளையாடுகிறவர்கள் எல்லோரும் ஒரே தவறைத்தான் செய்கிறார்கள். கண்ணில் முதலில் படுகிற நான்கு சொற்களை அவசரப்பட்டுத் தொட்டுவிடுகிறார்கள். உங்கள் கான்ஸ்டபிளும் அப்படித்தானாம். தேநீர் கொண்டுவந்து வைத்தபோது சொன்னார். அவரிடம் சொல்லுங்கள், பதினாறு சொல்லையும் முதலில் ஒருமுறை வாய்விட்டுப் படிக்க வேண்டும். எந்தச் சொல் இரண்டு கூட்டத்தில் சேரும் என்று பார்க்க வேண்டும். ஆரஞ்சு என்று ஒன்று இருந்தால் அது பழமாகவும் இருக்கலாம், நிறமாகவும் இருக்கலாம். அதைக் கடைசிவரை தொடக் கூடாது. வேறு எங்குமே போக முடியாத சொல் ஒன்று இருக்கும். அதைப் பிடித்துக்கொண்டு அதன் உறவுக்காரர்கள் மூவரைத் தேட வேண்டும். நான்கு நான்காக நான்கு கூட்டம், நான்காவது தவறோடு ஆட்டம் முடிந்தது. பொறுமைதான் எல்லாம்.

இதையெல்லாம் என் மனைவி க்ளெனிசுக்குச் சொல்லிக்கொடுத்தவன் நான்.

இந்த வின்யார்ட் ஊரில் என்னைத் தெரியாதவர்கள் குறைவு. இருபத்தொன்பது வருடம் கணக்கு வாத்தியாராக இருந்தேன். இந்த ஊரில் பாதிப் பேருக்கு நான்தான் பின்னம் சொல்லிக்கொடுத்தேன். க்ளெனிஸ் பதினைந்து வயதில் படிப்பை நிறுத்தியவள். உறைபதனக் காய்கறித் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடம் பட்டாணி பிரித்தாள். ஓடுகிற பெல்ட்டின் பக்கத்தில் நின்று கெட்ட பட்டாணியையும் காம்பையும் கல்லையும் பொறுக்கிப் போடுகிற வேலை. நல்ல பெண். நாற்பத்தோரு வருடம் எங்களுக்குள் ஒரு சண்டை கிடையாது. வீட்டில் எது பற்றிப் பேச்சு வந்தாலும், "ராய்ஸைக் கேளுங்க, அவருக்குத் தெரியும்" என்றுதான் சொல்வாள். அது எனக்குப் பிடித்திருந்தது.

புல்வெளிப் பந்து கிளப்பில் ஒரு வெள்ளைப் பலகை இருக்கிறது. நாள்தோறும் காலையில் அன்றைய பதினாறுக்கு நான் அதில் மூன்று குறிப்பு எழுதிவைப்பேன். விடையைச் சொல்லாமல் வழியை மட்டும் காட்டுகிற குறிப்புகள். வயதானவர்கள் காபிக் கோப்பையோடு அதன் முன்னால் நின்று தலையாட்டுவார்கள். பள்ளிக்கூடத்தை விட்ட பிறகு அதுவரை யாரும் அப்படி என் எழுத்தின் முன்னால் நின்றதில்லை. ஆறு வருடம் அப்படிப் போனது.

க்ளெனிசுக்குத் திரை வெளிச்சம் ஆகாது, தலைவலி வந்துவிடும். ஆகவே நான் என் கைப்பேசியைப் பார்த்துப் பதினாறு சொல்லையும் கணினியில் பெரிய எழுத்தில் அடித்து, அச்செடுத்து, சிற்றுண்டி மேசையில் வைப்பேன். முதல் மாதம் என்னிடம் கேட்டுக் கேட்டு ஆடினாள். இரண்டாவது மாதம் கேட்பதை நிறுத்தினாள். மூன்றாவது மாதம், நான் ரொட்டிக்கு வெண்ணெய் தடவி முடிப்பதற்குள் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு ஜன்னல் வழியே பறவைகளைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நான் முடிப்பதற்காகக் காத்திருக்கிறாள் என்பது எனக்குத் தெரியும். முடித்துவிட்டேன் என்று ஒருநாளும் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் பரவாயில்லை.

கிளப்பில் டாட் என்று ஒருத்தி இருக்கிறாள், வாய்த்துடுக்கு அதிகம். போன வருடம் மார்ச் மாதம், பலகைக்கு முன்னால் நின்று எல்லோரும் கேட்கச் சொன்னாள்.

"வாத்தியாரே, உன் குறிப்பைப் படிச்சா பரீட்சைக்கு உக்காந்த மாதிரி இருக்கு. க்ளெனிஸ், நீ சொல்லேன். நீ சொன்னா மண்டையில ஏறுது."

"அவரு எழுதினதே நல்லாத்தான் இருக்கு டாட்."

"அட, சும்மா சொல்லு. நீ எப்படி இவ்வளவு சீக்கிரம் கண்டுபிடிக்கிற?"

க்ளெனிஸ் வெட்கப்பட்டுச் சிரித்தாள். "பட்டாணி ஓடுறப்போ ஒவ்வொண்ணா பாக்க மாட்டோம். மொத்தமா பாப்போம். சேராதது தானா வந்து கண்ணுல குத்தும். அவ்வளவுதான்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். மறுநாள் நான் போவதற்குள் யாரோ பலகையை அவள் கையில் கொடுத்துவிட்டார்கள். அவளுடைய எழுத்து கோணல்மாணலாக இருக்கும், எழுத்துப்பிழையும் உண்டு. அதன் முன்னால் ஒன்பது பேர் நின்றார்கள். எண்ணினேன்.

முதல் மாற்றம் ஏப்ரலில் ஒரு வியாழக்கிழமை. கப்பலைச் சேர்ந்த நான்கு சொற்கள் அன்றைக்கு: பாய்மரம், சுக்கான், துடுப்பு, நங்கூரம். தாளில் அடிக்கும்போது நங்கூரத்துக்குப் பதில் குடை என்று அடித்தேன். கோபமாக இருந்தேனா என்று கேட்டீர்கள். இல்லை. ஒருநாளாவது அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்துக் கேட்க வேண்டும் என்று நினைத்தேன், அதற்கு மேல் ஒன்றுமில்லை.

அவள் தாளை வெகுநேரம் பார்த்தாள். தேநீர் ஆறிப்போனது.

"ராய்ஸ், இதுல ஒண்ணு இங்க உள்ளது இல்ல."

"எது?"

"குடை. இது எதோடயும் சேரல. தப்பா வந்து விழுந்த மாதிரி இருக்கு."

"பத்திரிகைக்காரங்க தப்பா போடுவாங்களா, க்ளென்? லட்சம் பேர் ஆடுறாங்க."

"ஆமால்ல." மறுபடியும் தாளைப் பார்த்தாள். "அப்ப எனக்குத்தான் பிடிபடல. நீ முடிச்சிட்டியா?"

"முடிச்சிட்டேன்."

"எப்படி முடிச்ச?"

"பொறுமையா பாத்தா தெரியும்" என்று சொல்லி அவள் தோளைத் தட்டிக்கொடுத்தேன். அன்றைக்குப் பலகையில் எழுத மறுத்துவிட்டாள். நான் எழுதினேன்.

நான் எப்போதும் ஒரு வரம்போடுதான் நடந்துகொண்டேன். ஒரு தாளில் ஒரு சொல்லுக்கு மேல் மாற்றியதில்லை. ஆரம்பத்தில் வாரத்தில் இரண்டு நாள், பிறகு நான்கு நாள். நடுவில் சரியான தாள்களும் கொடுத்தேன். அவற்றை முடித்தபோது அவள் முகம் எப்படி மலர்ந்தது என்று நீங்கள் பார்த்திருக்க வேண்டும். அப்போது எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. முடிக்காத தாள்களைப் பிஸ்கட் டப்பாவில் போட்டுவைத்தாள். மத்தியானங்களில் அவற்றை மேசையில் பரப்பிக்கொண்டு, எங்கே தவறினோம் என்று பார்த்துக்கொண்டிருப்பாள். என் மகள் டாம்சின் அவற்றைப் பத்திரிகையின் பழைய புதிர்களோடு ஒப்பிட்டு அறுபத்தொன்று என்று எண்ணியிருக்கிறாள். அறுபத்து மூன்று என்று திருத்திக்கொள்ளுங்கள். இரண்டு தாளை க்ளெனிஸ் கிழித்து அடுப்பில் போட்டுவிட்டாள்.

அவளுடைய அம்மா கடைசி நான்கு வருடம் யாரையும் அடையாளம் தெரியாமல் கிடந்தார். மகளை நாயின் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். க்ளெனிஸ் அந்தப் பயத்தைப் பற்றி அதிகம் பேசியதில்லை. மே மாதம் கடற்கரையில் நடந்துகொண்டிருந்தபோது ஒருமுறை பேசினாள்.

"எனக்கும் அது வந்தா முதல்ல உனக்குத்தான் தெரியும். என்கிட்ட மறைக்காதே."

"அதெல்லாம் ஒண்ணும் வராது."

"சத்தியமா சொல்லு ராய்ஸ். மறைக்க மாட்டேன்னு சொல்லு."

சொன்னேன். என் கையைப் பிடித்துக்கொண்டு, கார் நிற்கிற இடம்வரை விடாமலே வந்தாள். கல்யாணமான புதிதில் அப்படி நடந்திருக்கிறோம்.

ஜூன் மாதம் கிளப்பில் அவளைச் சமாதானப்படுத்தி மறுபடியும் பலகைக்கு அழைத்தார்கள். டாட்டின் வேலை அது. அன்றைக்கு நான் இரண்டு தாள் அச்செடுத்தேன். ஒன்றில் பெங்குயின் இருந்த இடத்தில் கிவி. மற்றது சரியான தாள். முதல் தாளைப் பார்த்து அவள் வீட்டிலேயே, பென்சிலைக்கூடத் தொடாமல், எல்லாவற்றையும் கண்டுபிடித்துவிட்டாள். மிகவும் உற்சாகமாக இருந்தாள், உதட்டுச்சாயம்கூடப் பூசிக்கொண்டாள். கிளப்பில் அவள் கோட்டைக் கழற்றி மாட்டுவதற்கு நான் உதவினேன். பையிலிருந்த தாளை அப்போது மாற்றிவைத்தேன்.

"கிவியைப் பழத்துல போட்டுடாதீங்க" என்றாள் அவள், எல்லோரையும் பார்த்து. "அதுதான் இன்னிக்கு வலை. அது பறவை."

டாட் தன் கைப்பேசியைப் பார்த்தாள். "கிவியா? எங்க இருக்கு?"

"மூணாவது வரிசை, கடைசி."

"அங்க பெங்குயின்தான இருக்கு."

"இல்ல டாட். நான் காலையில பாத்தேன்." பையைத் திறந்து தாளை எடுத்தாள். பார்த்தாள். திருப்பிப் பின்பக்கமும் பார்த்தாள். பிறகு தாளை நான்காக மடித்தாள், அதையும் எட்டாக மடித்தாள். டாட்தான் எழுந்துபோய் அவளை நாற்காலியில் உட்காரவைத்தாள்.

காரில் திரும்பி வரும்போது, "நீ சொல்றேன்னு சொன்னியே" என்றாள்.

"கொஞ்ச நாளாவே எனக்குத் தோணுது க்ளென்" என்று சொன்னேன். கொடுத்த வாக்கைக் காப்பாற்றினேன்.

அதற்குப் பிறகு நான் அதிகம் செய்ய வேண்டியிருக்கவில்லை. பயம் தானாகவே வேலை செய்தது. அவளே கார் சாவியைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தாள். சாமான் பெயர்களை எழுதி அலமாரிகளில் ஒட்டினாள். டாம்சினோடு தொலைபேசியில் பேசும்போது தப்பாக எதையாவது சொல்லிவிடுவோமோ என்று பாதியில் என்னிடம் கொடுத்துவிடுவாள். அடுப்பைப் பற்றிக் கேட்டீர்கள். ஆமாம், அவள்தான் மறந்துவிட்டாள் என்று நம்பும்படி, வெறும் பாத்திரத்தை அடுப்பில் வைத்துப் பற்றவைத்துவிட்டுத் தபால் எடுக்கப் போனது நான்தான். அது ஒரே ஒருமுறை.

ஊரில் எல்லோரும் என்னிடம் அன்பாக இருந்தார்கள். சாப்பாடு சமைத்துக் கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டுப் போனார்கள். டாட்கூட, "வாத்தியாரே, நீ தெய்வப் பிறவி" என்றாள். பலகை என்னிடம் திரும்பி வந்தது. ஆனால் அதன் முன்னால் வந்து நின்றவர்கள் குறிப்பைப் படிக்கவில்லை. "க்ளெனிஸ் எப்படி இருக்கா?" என்றுதான் கேட்டார்கள். நாள் தவறாமல் அதே கேள்வி.

ஆகஸ்டில் மருத்துவரிடம் போனோம். சோதனையில் அவள் பாதி நன்றாகச் செய்தாள், பாதியில் பென்சிலைக் கீழே வைத்துவிட்டாள். வீட்டில் எப்படி இருக்கிறார் என்று என்னைக் கேட்டார்கள். இரண்டு பக்கம் எழுதிக்கொண்டு போயிருந்தேன், தேதி வாரியாக. அதே மாதம் அவளை முதியோர் இல்லத்தில் சேர்த்தோம். நினைவு தவறியவர்களுக்கான, கதவுக்கு எண்பூட்டு உள்ள பிரிவு. நான் ஞாயிறும் புதனும் போனேன். தாள் கொண்டுபோகவில்லை. அவளும் கேட்கவில்லை.

அங்கே பிமலா என்று ஒரு நேபாளத்துப் பெண் வேலை செய்கிறாள். அக்டோபரில் ஒரு நாள் காலை க்ளெனிசுக்குத் தலைவாரிக்கொண்டே, தன் கைப்பேசியில் இருந்த புதிரை வாய்விட்டுப் படித்திருக்கிறாள், அவளுக்காக அல்ல, தனக்காக. க்ளெனிஸ் கண்ணாடியைப் பார்த்தபடியே நான்கு கூட்டத்தையும் சொல்லியிருக்கிறாள். மறுநாளும் சொன்னாள். மூன்று வாரம், ஒரு நாள் தவறாமல். பிமலா டாம்சினுக்குப் போன் செய்தாள். அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் உங்களுக்குத் தெரியும். பிஸ்கட் டப்பா உங்கள் மேசையில் இருக்கிறது.

போன வாரம் டாம்சின் அவளை வீட்டுக்கு அழைத்து வந்தாள், துணிமணி எடுத்துக்கொள்ள. டாம்சின் இருக்கிற ஹோபார்ட்டுக்குப் போகிறார்கள். க்ளெனிஸ் கோட்டைக் கழற்றவில்லை. சமையலறையில் எனக்கு எதிரே உட்கார்ந்தாள். நான் தயாராக இருந்தேன். என்ன கேட்பாள், அதற்கு நான் எப்படி விளக்குவேன் என்று மூன்று நாளாக யோசித்துவைத்திருந்தேன்.

"அப்போ எனக்கு ஒண்ணுமே இல்லையா, ராய்ஸ்?"

"இல்ல."

"கிவி இருந்துச்சா?"

"இருந்துச்சு."

அவள் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள். அழுகிறாள் என்று நினைத்தேன். கையை எடுத்தபோது சிரித்துக்கொண்டிருந்தாள். பட்டாணித் தொழிற்சாலை வாசலில் நான் முதன்முதலாகப் பார்த்த சிரிப்பு. எழுந்து, அலமாரிகளில் ஒட்டியிருந்த பெயர்ச்சீட்டுகளை ஒவ்வொன்றாக உரித்துக் குப்பைக்கூடையில் போட்டாள். பிறகு மகளோடு போய்விட்டாள். ஏன் என்று கேட்கவில்லை. நாற்பத்தோரு வருடம் கூட இருந்தவனிடம் ஏன் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. அது நியாயமில்லை என்று எனக்குப் படுகிறது.

கேட்டிருந்தால் ஒன்று சொல்லியிருப்பேன். இப்போது உங்களிடம் சொல்கிறேன். மருத்துவரிடம் போன அன்று காலை, அவளுக்கு நான் கொடுத்தது சரியான தாள். சுலபமான புதிர், ஒரு குழந்தை முடித்துவிடும். ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருந்தாள். ஒரு கூட்டம்கூடப் பிரிக்கவில்லை. தாளைத் தள்ளிவைத்துவிட்டு, "போகலாம்" என்றாள். எனக்கு மனசிலிருந்து பெரிய பாரம் இறங்கியது. அன்று நான் ஒரு எழுத்தைக்கூட மாற்றவில்லை, அவளால் முடியவில்லை. ஆகவே மருத்துவரிடம் நான் சொன்னதில் பொய் எதுவும் கிடையாது.