நீர்வேலிப் பொருத்தம்

யாழ்ப்பாணத்தில் திரவ நைதரசன் கிடைக்காது. முட்டைகளை உறைநிலையில் வைத்திருக்கும் அந்தத் திரவம் கொழும்பிலிருந்து லொறியில்தான் வரவேண்டும். விசாரிக்க வந்திருக்கும் நீங்கள் முதலில் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். பெண்களின் கருமுட்டைகளை உறையவைத்துக் காப்பது என் தொழில். இந்தப் பக்கத்தில் அதைத் தொடங்கியவனே நான். ஒரு முட்டைகூடப் பழுதானதில்லை என்று மாநாடுகளில் சொல்லிக் கைதட்டு வாங்கியவன்.

2022இல் நாடே டீசலுக்கு வரிசையில் நின்றபோது லொறி வரவில்லை. என் இரண்டு தாங்கிகளில் சின்னது வற்றிவிட்டது. அதில் சிவகௌரியின் முட்டைகள் மட்டுமே இருந்தன. புற்றுநோய்க்கு மருந்தேற்றுமுன், இருபத்தேழு வயதில், என்னிடம் ஒப்படைத்தவள். அந்த மருந்துக்குப் பிறகு அவள் உடம்பில் வேறு முட்டை கிடையாது. முட்டைகள் எல்லாம் பழுதானபின் லொறி வந்தது. தாங்கியை நிரப்பினேன். யாருக்கும் சொல்லவில்லை. சொல்லி என்ன பயன்?

ஆறு மாதத்தில் அவள் நோய் தீர்ந்து, கணவன் வாகீசனோடு வந்தாள்.

"உங்களை நம்பித்தான் டொக்டர் கலியாணமே கட்டினனான்" என்றாள்.

அந்த முகத்தைப் பார்த்து இல்லையென்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நான் கல்நெஞ்சன் அல்ல.

பெரிய தாங்கியில் தேடினேன். கண்டபடி எடுக்கவில்லை. சிவகௌரி நீர்வேலி, அதில் முட்டை வைத்திருந்த நிரோஜினியும் நீர்வேலி. ஒரே சமூகம், ஒரே நிறம், ஒரே இரத்த வகை. கலியாணத் தரகர்கூட இவ்வளவு பொருத்தம் பார்த்திருக்கமாட்டார். செவ்வாய்க் குற்றத்தால் சம்பந்தங்கள் தட்டிப்போக, முப்பத்தைந்தில் எட்டு முட்டைகளை வைத்துவிட்டுக் கனடா போனவள் நிரோஜினி. இனி எங்கே வரப்போகிறாள் என்று நினைத்தேன். எட்டையும் எடுத்தேன். சிவகௌரியின் வயிற்றில் ஒன்று தங்கியது. பெண் குழந்தை. சிவகௌரி ஒரு குலை இதரை வாழைப்பழம் கொண்டுவந்து தந்து, என் காலில் விழுந்தாள்.

இந்த வருடம் நிரோஜினி கணவனோடு வந்து நின்றாள். நாற்பத்திரண்டு வயது. முட்டைகளைக் குளிரிலிருந்து வெளியே எடுக்கும்போது பழுதாகிவிட்டன என்றேன்.

"ஒண்டுகூட இல்லையோ, டொக்டர்?"

"இல்லை, பிள்ளை."

அழுதுகொண்டு போனாள். அடுத்த கிழமை வந்தபோது அழவில்லை.

"எங்கடை கோயில் தேர்த் திருவிழாவிலை ஒரு பிள்ளையைக் கண்டனான். சின்னனிலை நான் இருந்த அதே முகம். அம்மாவே திடுக்கிட்டுப்போனா. எந்த டொக்டரிட்டைப் பெத்தனீங்கள் எண்டு தாயைக் கேட்டன். உங்கடை பேரைச் சொல்லிக் கையெடுத்துக் கும்பிட்டவ."

உங்களுக்கு முறைப்பாடு எழுதியதும் அவள்தான். ஒரே ஊரில் எடுத்தது என் பிழை. காங்கேசன்துறைப் பக்கம் யாரையாவது பார்த்திருக்கலாம்.

ஓம், நான்தான் எடுத்தேன். கையொப்பம் வைக்கிறேன். ஆனால் ஒன்றையும் சேர்த்து எழுதுங்கள். முப்பது வருடச் சேவையில் நான் நோயாளி ஒருவருக்குப் பொய் சொன்னது ஒரே ஒரு தடவைதான், நிரோஜினிக்கு. சிவகௌரிக்கு ஒருநாளும் சொன்னதில்லை. பிள்ளை யாருடையது என்று அவள் கேட்கவே இல்லை.