பாங்கு கேட்டு நின்ற பதினொருவர்

தலைமை ஆசனத்தில் அமர்ந்து, இவள் எப்போது முடிப்பாள் என்று இப்போதே கைக்கடிகாரத்தைப் பார்க்கும் பாடசாலை அதிபர் காலிதீன் அவர்களே! எங்கள் கால்களுக்குக் களம் தந்த மீராமுகைதீன் ஹாஜியார் அவர்களே! பள்ளிவாசலை நிர்வகிக்கும் மரைக்காயர்மாரே! பாண்டிருப்பிலிருந்து வந்து முன்வரிசையைச் சிறப்பித்திருக்கும் ஆலய பரிபாலன சபைப் பெரியோர்களே! அடுப்பை அணைத்துவிட்டு ஓடிவந்த தாய்மாரே! என்னோடு விழுந்து எழுந்த தோழியரே! உங்கள் எல்லார் மீதும் சாந்தி உண்டாகட்டும். கூப்பிய கைகளுக்கு என் கூப்பிய கைகள்.

நான் ஸகியா. வெண்மணல் மகளிர் உதைபந்தாட்டக் கழகத்தின் கோல் காப்பாளர், அணித் தலைவி. ‘கழகத்தின் வரலாறும் சாதனைகளும்’ என்று என் பேச்சுக்குத் தலைப்புத் தந்திருக்கிறார்கள். ஆனால் நாம் எதற்காகக் கூடியிருக்கிறோம்? நான் இறங்கியதும் ஒரு தீர்மானம் வாசிக்கப்படும். கழகத்தை இரண்டாக்கும் தீர்மானம். கல்முனை முஸ்லிம் பிள்ளைகளுக்கு ஒரு கழகம், பாண்டிருப்புத் தமிழ்ப் பிள்ளைகளுக்கு ஒரு கழகம்! வெட்டப் போகிற மரத்துக்கு மாலை போடவா என்னை மேடையேற்றினீர்கள்? தயவுசெய்து கை தட்டாதீர்கள். கை தட்டினால் என் கோபம் குறைந்துவிடும்.

வரலாறு கேட்டீர்கள், சொல்கிறேன். எண்பத்தெட்டாம் ஆண்டு பெண்பிள்ளைகள் பந்து உதைக்க இந்த ஊரில் இடமில்லை. கடற்கரையில் உதைத்தால் ஊர் பார்க்கும். பாடசாலை மைதானத்தில் உதைத்தால் உலகமே பார்க்கும். அப்போது ஹாஜியார் தமது அரிசி ஆலையின் நெல் காயப்போடும் சீமெந்துக் களத்தைத் திறந்துவிட்டார். சுற்றிவர உயர்ந்த மதில். அவர் சொன்ன நிபந்தனை இன்றும் என் காதில் இருக்கிறது.

“புள்ளையள், நெல்லை அள்ளின மறுகா விளையாடுங்க. ஆனா பந்து மதிலுக்கு மேலால போகப்படா. போனா எடுக்கப் போகணும். எடுக்கப் போனா ஊர் கதைக்கும்.”

அதனால்தான், அவையோரே, எங்கள் பந்து எழும்புவதில்லை! தரையோடு தவழும், காலோடு கதைக்கும், வாய்க்கால் தண்ணீர்போல ஓடும். சுடு சீமெந்தில் விழுந்தால் தோல் உரியும் என்பதால் விழாமல் ஆடக் கற்றோம். முழுக்கைச் சட்டையும் நீளக் காற்சட்டையும் முக்காடுமாக நாங்கள் இறங்கியபோது சிரித்த அணிகள் உண்டு. அரைமணி நேரத்தில் அந்தச் சிரிப்பு எங்கே போயிற்று? தொடர்ந்து பதினேழு ஆட்டங்களில் எங்களை யாரும் வெல்லவில்லை. பாண்டிருப்புச் சிவரூபினி ஒரே பருவத்தில் இருபத்திரண்டு கோல் போட்டாள். எங்களுக்குச் சம்பளமும் இருந்தது. ஆளுக்கு மாதம் ஒரு மூடை நெல், ஹாஜியாரின் கணக்கில். பந்து உதைத்துக் குடும்பத்துக்குச் சோறு போட்ட பெண்கள் நாங்கள். பின்னால் நிற்கும் தம்பி, விசில் அடிக்காதே. விசில் கேட்டால் என் கால் ஓடத் தொடங்கிவிடும்!

பிறகு போரும் கலவரமுமாகத் தொண்ணூறு வந்தது.

அந்த ஆண்டைப் பற்றி இந்த மேடையில் நான் விரித்துப் பேச மாட்டேன். என் காக்கா, கூடப்பிறந்த அண்ணன், வீடு திரும்பவில்லை. சிவரூபினியின் அப்பா வீடு திரும்பவில்லை. யார், எவர், எதற்கு என்று கேட்டுக் கேட்டு இரண்டு ஊரும் களைத்துப் போயின. ஆலை மூடிக் கிடந்தது. களத்தில் புல் முளைத்தது.

தொண்ணூற்றிரண்டில் ஹாஜியார் மறுபடி கதவைத் திறந்தார். முதல் நாள் கல்முனைப் பிள்ளைகள் மட்டும் வந்தோம். பந்தை நடுவில் வைத்துவிட்டு ஆளையாள் பார்த்துக்கொண்டு நின்றோம். உதைக்க ஒருத்திக்கும் மனம் வரவில்லை. அப்போது கதவடியில் ஒரு சைக்கிள் வந்து நின்றது. சிவரூபினியைப் பின்னால் ஏற்றி அவள் அம்மா மிதித்து வந்திருந்தார். வெள்ளைச் சேலை. என்னைப் பார்த்துச் சொன்னார்:

“மகள், ரெண்டு வருசமா இவள் சிரிச்சுக் காணல்ல. இஞ்ச விட்டாச் சிரிப்பாள் எண்டு கூட்டி வந்தன்.”

அந்தத் தாய்க்கு எங்கள் மீது கோபம் வந்திருக்கக் கூடாதா? வந்திருக்கலாம். வந்திருந்தால் யார் குறை சொல்ல முடியும்? ஆனாலும் கொண்டுவந்து விட்டார். அன்றுதான் எங்கள் கழகம் இரண்டாம் முறை பிறந்தது.

இனி ஒரு தோல்வியைச் சொல்லப் போகிறேன். சாதனை பேச வந்தவள் தோல்வி பேசுகிறாளே என்று முணுமுணுக்கும் மாமா, கொஞ்சம் பொறுங்கள்.

எங்கள் களத்தில் ஒரு வழக்கம். பின்னேரத் தொழுகைக்கு அழைக்கும் அஸர் பாங்கு ஒலித்தால் பந்து நிற்கும். விசில் இல்லை, கட்டளை இல்லை. பந்து எவள் காலில் இருக்கிறதோ அவள் அதை மிதித்து நிறுத்துவாள். பாங்கு முடியும்வரை யாரும் அசைய மாட்டோம். யார் தொடக்கியது என்றே தெரியாது, வழமை ஆகிவிட்டது.

போன வருடம் மாத்தளையில் கிண்ணத்துக்கான இறுதி ஆட்டம். இரு பக்கமும் கோல் இல்லை. முடியச் சில நிமிடங்களே இருந்தன. பந்து எதிரணிப் பெண்ணின் காலில். அவளுக்கும் எனக்கும் நடுவே, காவலுக்கு இறங்கி வந்த சிவரூபினி. அந்த நேரம் அந்த ஊர்ப் பள்ளிவாசலில் பாங்கு ஒலித்தது.

நின்றோம்! முன்வரிசை நின்றது, நடுவரிசை நின்றது, பின்வரிசை நின்றது. கோல் காக்க வேண்டிய நான் கையைத் தாழ்த்தி முக்காட்டைச் சரிசெய்தேன். எதிரணிப் பெண் திகைத்துப்போய் ஒருமுறை சுற்றிப் பார்த்தாள். பிறகு மெல்லத் தட்டினாள். பந்து என் காலருகே உருண்டு வலைக்குள் போயிற்று. அவள்மேல் ஒரு குற்றமும் இல்லை. நடுவர் விசில் ஊதவில்லை, ஆட்டம் ஆட்டம்தான். கிண்ணம் போயிற்று.

திரும்பி வரும்போது வான் வண்டிக்குள் எனக்கு அடக்க முடியாத கோபம். கேட்டேன்: “நாங்க நிண்டம், சரி. நீ என்னத்துக்குகா நிண்டாய்? உனக்கு என்ன பாங்கு?”

சிவரூபினி என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். “ஏன்கா, பாங்கு சொன்னா பந்து நிக்கும்தானே? நம்மட களத்துல அப்பிடித்தானே? எனக்கு வேற யோசினை ஒண்டும் வரல்ல.”

நம்மட களம் என்றாள். நான் வாய்விட்டு அழுதேன், அவையோரே. அழுததற்கு வெட்கப்படவில்லை. தீர்மானம் எழுதிய பெரியோர்களே, உங்களைக் கேட்கிறேன். அன்று நின்ற பதினொரு பேரில் தொழுகிறவள் யார், திருநீறு பூசுகிறவள் யார் என்று பார்த்தவர் சொல்ல முடியுமா? கூடி வென்ற அணிகள் நாட்டில் எத்தனையோ உண்டு. இப்படிக் கூடித் தோற்ற அணியைக் காட்டுங்கள்! எங்கள் சாதனைகளில் எனக்குப் பெரியது அதுதான்.

உங்கள் கவலை எனக்கு விளங்காமல் இல்லை. போன மாதம் பயிற்சி முடிந்து பாண்டிருப்புக்குத் திரும்பிய பிள்ளைகள் மீது கல் விழுந்தது. சிவரூபினியின் நெற்றியில் தையல். எறிந்தவன் நம் ஊரான். மூடி மறைக்க நான் வரவில்லை. பிள்ளைகளைக் காக்கத்தான் பிரிக்கிறோம் என்கிறீர்கள். கல் எறிந்தவன் கேட்டதும் அதுதானே? அவன் கேட்டதை அவனுக்குக் கையில் கொடுத்துவிட்டு, அதற்குப் பாதுகாப்பு என்றா பெயர் வைப்பது?

சிவரூபினி அதோ இருக்கிறாள், அம்மாவுக்குப் பக்கத்தில். அம்மா அவள் கையை இறுக்கிப் பிடித்திருக்கிறார். இந்த ஒலிவாங்கி கொஞ்சம் தள்ளி இருக்கட்டும். நான் அவரோடு கதைக்க வேண்டும்.

மாமி, உங்களுக்குப் பயம். எனக்கும் பயம்தான். போனவங்க திரும்பி வராத வீடு நம்மட ரெண்டு வீடும். அதனால ஒண்டு சொல்றன். இண்டையிலயிருந்து இவள் தனிய வீட்ட வரமாட்டாள். கல்முனைப் புள்ளையள் எல்லாரும் சைக்கிளெடுத்து, இவளச் சுத்திவர வந்து, உங்கட வாசல்ல விட்டுட்டுத்தான் திரும்புவம். கல் எறியிறவன் அவன்ட தங்கச்சிக்கும் சேர்த்து எறியட்டும். எறிவானா மாமி?

தோழியரே, எழும்புங்கள். களத்தில் நிற்பதுபோல நில்லுங்கள். நாற்காலிகளுக்கு நடுவே வழி விட்டிருக்கிறார்களே, இந்தப் பக்கம் ஒரு ஊர், அந்தப் பக்கம் ஒரு ஊர் என்று! அந்த வழியிலேயே வந்து நில்லுங்கள். காவலுக்கு நான் இருக்கிறேன். பின்வரிசை வந்தாயிற்று. நடுவரிசை வந்தாயிற்று. முன்வரிசையில் ஒரு இடம் வெறுமையாக இருக்கிறது.

மாமி, நான் உங்களை நெருக்கவில்லை. உங்கட புள்ள, உங்கட முடிவு. நாங்க நிக்கிறம்.

விட்டுட்டீங்க. அல்லாஹ்வே, கையை விட்டுட்டீங்க! வாகா, ஓடி வா.

தலைவர் அவர்களே, இனி உங்கள் தீர்மானத்தை வாசியுங்கள். இந்தப் பதினொரு பேரின் முகத்தைப் பார்த்து வாசியுங்கள். பொறுமையோடு கேட்ட உங்கள் எல்லாருக்கும் நன்றி. அஸ்ஸலாமு அலைக்கும். வணக்கம்.