மூன்று முறை செத்தவர்

குரோருட் போகும் ரயிலில் எனக்கு எதிரே இரண்டு தமிழர்கள் இருந்தார்கள். மூத்தவர் சொன்னார்:

“நேற்று நான் மூண்டு தரம் செத்தனான்.”

“என்ன விசர்க்கதை அண்ணை?”

“நாடகத் தியேட்டரிலை நிலம் கூட்டிக்கொண்டு நிண்டனான். ஒத்திகைக்குப் பிணமா நடிக்கிறவன் வரேல்லை. ரஷ்ய இயக்குநர் என்ரை தும்புத்தடியை வாங்கி வைச்சிட்டு, என்னை மூண்டு தரம் செத்துப் படுக்க வைச்சிட்டார். அவரும் மொஸ்கோவிலை பிணமாத்தான் தொடங்கினவராம். பிறகு ராசா வேஷம் கட்டி, முப்பது வருஷமா மேடையிலை செத்தவராம்.”

“வீட்டிலை அக்கா என்ன சொன்னவ?”

“மனிசி, பிணமாக் கிடந்திட்டு முழுகாமல் உள்ளை வரக்கூடாதெண்டு வாசலிலையே மறிச்சுப்போட்டா.”

இளையவர் விழுந்து விழுந்து சிரித்தார்.

“சிரியாதை. ஞாயிற்றுக்கிழமை அந்த ரஷ்ய மனிசன் எங்கடை வீட்டை சாப்பிட வாறார்.”

“ஐயோ, அவருக்கு முப்பது வருஷச் செத்தவீட்டுத் துடக்கெல்லோ?”

“ஓம். மனிசி இப்பவே அவர் முழுகத் துவாய் எடுத்து வைச்சிட்டா.”