8329 இலக்கத்தில் பதிந்த கடை

1977ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 14ஆம் திகதி முற்பகல் 10.20 மணிக்கு ஊர்காவற்றுறைப் பொலிஸ் நிலையத்தில் பதியப்பட்டது.

பெயர்: வல்லிபுரம் தில்லைநாதன். வயது: 53. விலாசம்: மடத்துவெளி, புங்குடுதீவு. தொழில்: பிறருடைய கந்தோர் அலுவல்களைப் பொறுப்பெடுத்துச் செய்தல். முறைப்பாடு செய்தவர்: மேற்படி ஊரைச் சேர்ந்த பரராசசிங்கம் நாகபூசணி.

என் தொழிலை முதலில் மனு எழுதுதல் என்று பதிந்த கொன்ஸ்தாபிளிடம் அதை வெட்டி எழுதும்படி கேட்டுக்கொண்டேன். நான் மனு எழுதுகிறவன் அல்ல. தெற்கே கடை வைத்திருக்கும் எங்கள் ஊரவர் பதினொரு பேருக்கு உத்தரவுப் பத்திரம், கடிதம், திணைக்களப் படிவம் எல்லாவற்றையும் பன்னிரண்டு வருடமாக என் வீட்டு முன் அறையில் வைத்துச் செய்து கொடுத்து வருகிறேன். அவர்கள் எல்லோரும் கடிதப் போக்குவரத்துக்கு என் விலாசத்தையே கொடுப்பது வழக்கம்.

இந்த வருடம் மார்ச் மாதம் தொழில்களைக் கணக்கெடுக்கும் படிவம் வந்தது. ஒவ்வொரு தொழிலுக்கும் நாலு இலக்க எண் ஒன்று போடவேண்டும். கடைகளுக்கு 6200 என்று கைநூலில் இருந்தது. என் தொழிலுக்கு எண் கிடைக்கவில்லை. அதன் பின்னர் யாழ்ப்பாணம் போய்த் திணைக்களத்தில் எழுத்து வேலை பார்க்கும் ஒரு லிகிதரிடம் விசாரித்தேன். அவர் தலை நிமிராமல், "உமக்கெல்லாம் என்னத்துக்கு ஐசே நம்பர்? மனு எழுத்து எண்டு போட்டிட்டுப் போம்" என்றார். எனக்குச் சரியான கோபம் வந்தது. வீட்டுக்கு வந்து இரண்டு நாள் இருந்து கைநூல் முழுவதையும் வாசித்து, வேறு இடத்தில் அடங்காத வியாபார சேவைகள், 8329 என்பதைக் கண்டுபிடித்தேன். அன்று எனக்கு மெத்தச் சந்தோசம்.

அதன் பின்னர் படிவங்களைத் தட்டச்சில் அடித்தேன். கடை பதினொன்று, என்னுடையது ஒன்று, மொத்தம் பன்னிரண்டு. முதற் பக்கத்தில் விலாசம் எல்லோருக்கும் ஒன்றேயானபடியால் இடையில் கார்பன் தாள் வைத்து இரண்டிரண்டாக அடித்தேன். பெயரும் கடை இருக்கும் இடமும் மற்றப் பக்கத்தில்; ஆனால் தொழில் எண் போடும் பெட்டி இந்த முதற் பக்கத்திலேயே இருந்தது. ஐந்து சோடியிலும் இரண்டும் கடையானபடியால் பிழை வரவில்லை. கடைசிச் சோடியில் மேலே என் படிவம், கீழே பரராசசிங்கத்தின் படிவம். நான் எனக்கு அடித்த 8329 அவருக்கும் விழுந்தது. மாத்தறைப் பக்கம் கொடவத்தைச் சந்தியில் இருக்கும் அவருடைய பலசரக்குக் கடை வெறும் அலுவலகமாக, கந்தோராகப் பதிந்தது.

ஜூன் மாதம் பிரதிகளைக் கோவையில் இடும்போது இதைக் கண்டேன். திருத்தம் அனுப்புவதென்றால் பரராசசிங்கத்தின் கையெழுத்து வேண்டும். என் கையால் ஒரு பிழையும் போனதில்லை என்று ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தவன் நான். அவர் நாலு பேருக்கு முன்னால் சொல்லிச் சிரிக்கிற ஆள். ஊருக்கு வரும்போது நேரில் சொல்லலாம் என்று விட்டுவிட்டேன். வெறும் எண்தானே என்றும் நினைத்தேன்.

ஆகஸ்ட் மாதம் தெற்கே தமிழருக்கு எதிரான குழப்பம் தொடங்கிய மூன்றாம் நாள் காலை பத்து மணியளவில் தபால் கந்தோருக்கு எனக்கு ஒரு தொலைபேசி வந்திருப்பதாக ஆள் அனுப்பினார்கள். போனேன். பரராசசிங்கம் பேசினார்.

"அண்ணை, எங்கடை ஆக்களை ஏத்திப்போக, கணக்கெடுத்த பட்டியலை வைச்சு அரசாங்கத்தார் கடை கடையாய் லொறி விடுகினமாம். உள்ளுக்கை நிக்கச் சொல்லுறாங்கள். மார்ச்சில நீங்கள் அடிச்ச படிவத்தில என்ரை கடை சரியாய் இருக்குத்தானே? ஊர்காவற்றுறைக் குருசுமுத்துவின்ரை மீன் வான் இப்ப ஊருக்கு வெளிக்கிடுது. ஏறிப்போறதெண்டால் இப்ப ஏறவேணும்."

தபால் கந்தோரில் அப்போது ஏழெட்டுப் பேர் நின்றார்கள். எல்லோரும் என் முகத்தையே பார்த்தார்கள். நான், "ஓம், எல்லாம் சரி. நீர் நில்லும்" என்றேன்.

குருசுமுத்துவின் வான் அடுத்த நாள் ஊர்காவற்றுறைக்கு வந்து சேர்ந்தது. அதில் இடம் இருந்ததாம்.

அதன் பின்னர் ஆறாம் நாள், அதே கொடவத்தைச் சந்தியில் கடை வைத்திருந்த முருகேசு கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து, அங்கிருந்து ஊருக்கு வந்தார். லொறியில் தப்பியவர்களில் அவர் ஒருவர். அவர் என்னிடம் சொன்னதாவது: "பரராசசிங்கத்தாற்றை கதவடியில லொறி நிண்டது. பொறுப்பாய் வந்தவன் தாளைப் பாத்திட்டு, இது கந்தோர், கந்தோரில இண்டைக்கு ஆக்கள் இராயினம் எண்டு லொறியை எடுக்கச் சொல்லிப்போட்டான். பின்னறைக்கை மனுசன் ஒளிச்சிருக்கு எண்டு கத்தினனாங்கள். ஆர் கேட்டது?" அன்று பின்னேரம் கடைக்கு நெருப்பு வைத்தார்கள். கதவு உட்புறம் பூட்டியபடியே இருந்தது என்று பிறகு கேள்விப்பட்டதாகவும் முருகேசு சொன்னார்.

அதன் பின்னர் நாகபூசணி மூன்று தரம் என் வீட்டுக்கு வந்து கணவருடைய கோவையைக் கேட்டார். நான் கொடுக்கவில்லை. தேடவேண்டும் என்று ஒரு முறையும், அலுமாரிப் பூட்டின் திறப்பைக் காணவில்லை என்று ஒரு முறையும் சொன்னேன். மூன்றாம் முறை அவர் வாசலிலேயே நின்றார். கதிரை போட்டும் இருக்கவில்லை. "கோவை கிடக்கட்டும். அவர் போனில உங்களோடை கடைசியாய்க் கதைச்சவராம். என்ன கேட்டவர்? நீங்கள் என்ன சொன்னியள்?" என்று கேட்டார்.

லைன் இரைச்சல், ஒன்றும் விளங்கவில்லை என்று சொன்னேன். அது பொய். கோவையை இன்று இந்த நிலையத்தில் ஒப்படைக்கிறேன். ஆனால் அதில் இல்லாத ஒன்றையும் பதிய வேண்டும். லைன் நல்ல தெளிவாக இருந்தது. நான் நில்லும் என்றதும் பரராசசிங்கம் வெளியே பார்த்து, "நீ போ குருசுமுத்து, அண்ணை சரியெண்டிட்டார்" என்று சொன்னது எனக்குக் கேட்டது. வான் வெளிக்கிட்ட சத்தமும் கேட்டது. அதற்குப் பிறகும் அவர் லைனில்தான் இருந்தார். அப்போதும் நான் சொல்லவில்லை.

மேலே உள்ளவை யாருடைய வற்புறுத்தலும் இன்றி நான் சொன்னவை. எழுதியதை நானே வாசித்துப் பார்த்தேன். எல்லாம் உண்மை. திருத்தம் ஒன்றும் இல்லை.

(ஒப்பம்) வ. தில்லைநாதன்