உட்கார்ந்திருந்த பிள்ளை

பசறையிலிருந்து பதுளைக்குப் போகும் பஸ்ஸில், எனக்கு முன்சீட்டில் இருந்த இளம்பெண் பக்கத்தில் இருந்த முன்பின் தெரியாத பெண்ணிடம் சொன்னாள்:

“என் புள்ள தல கீழ திரும்பாம வயித்துக்குள்ள உக்காந்தே இருந்தான் அக்கா. ஏழாம் மாசமே வலி வந்துருச்சு.”

“ஆபரேஷனா?”

“சாதாரணமா பெத்தா தல மாட்டிக்கலாம், வெட்டுனா அடுத்த பிரசவத்துக்குக் கஷ்டம்னாங்க. வீட்டுக்காரரு வெளிநாட்டுல. உங்க தங்கச்சின்னா என்ன செய்வீங்கன்னு டாக்டரையே கேட்டேன்.”

“என்ன சொன்னாரு?”

“ஆபரேஷன்தான்னாரு. கையெழுத்துப் போட்டேன்.”

“புள்ள?”

“நல்லா இருக்கான். மூணு வாரமா ஆஸ்பத்திரியில கண்ணாடிப் பெட்டிக்குள்ள வச்சிருந்தாங்க. இன்னைக்குத்தான் முதல்முதலா தூக்கத் தர்றாங்க.” அந்தப் பெண்ணின் பக்கம் திரும்பினாள். “நீங்களும் கூட வர்றீங்களா அக்கா?”

சந்தைக்கு டிக்கெட் எடுத்திருந்த அந்தப் பெண், ஆஸ்பத்திரி வாசலில் அவளோடு இறங்கினார்.