நீதவான் அம்மா பேருக்கு ஓர் அர்ச்சனை

– வாய கொஞ்சம் அடக்கு வினோதா. கோட்டு வாசல்ல நின்னு கத்தினா தீர்ப்பு வந்துருமா? வா, பஸ்ஸுக்கு போவோம்.

– நான் எங்க கத்தினேன் தலைவரே? சிரிச்சேன். இன்னைக்கு தீர்ப்புன்னு கொழுந்து பறிக்க போகாம வந்து நின்னா, நீதவான் அம்மாவுக்கு மாத்தல் வந்திருச்சாம். மொனராகலைக்கு. நல்லாருக்கு.

– மாத்தல் எல்லா உத்தியோகத்துக்கும் வர்றதுதான். புது ஐயா வருவாரு.

– வருவாரு. வந்து வழக்க மொதல்லேர்ந்து கேப்பாராம், லோயர் சொல்லிட்டாரு. தோட்டத்து சின்ன தொரை எம்புருசன கண்ணு போற அளவுக்கு அடிச்சத பாத்த ஒரே ஆளு மாயாண்டி அண்ணன். அவரு செத்து கருமாதியும் முடிஞ்சிருச்சு. புது ஐயா அவர எங்கேருந்து கூப்புடுவாரு?

– அதான் நான் இருக்கேன்ல. சங்கத்துல சொல்லி, அமைச்சர் கிட்ட...

– நீங்க வருசம் பூரா அமைச்சர் கிட்ட சொல்லிக்கிட்டேதான் இருக்கீங்க. பாவம், அவருக்கு காது கேக்காது போல.

– நக்கல் பண்ணாத.

– நிறுவையில கொறையுதேன்னு நான் கேட்டப்ப கணக்கப்புள்ள என்ன செஞ்சாரு? மறுநாளே அட்டை கடிக்கிற தூர மலைக்கு என்னைய மாத்தினாரு. நீதவானயும் அப்படித்தான் மாத்துவாங்கன்னு தெரியாம, கறுப்பு கோட்ட பாத்து பயந்துகிட்டு நின்னேனே. இதுவும் தோட்டம்தான், கொஞ்சம் பெரிய தோட்டம்.

– நீதவான அப்படி பேசக்கூடாது புள்ள.

– அந்த அம்மாவ யாரு பேசுனா? சின்ன தொரை உக்காந்திருந்த நாற்காலிய எடுக்க சொல்லி, அவர கூண்டுல ஏத்தின மகராசி அவங்க. எம்புருசனுக்கு போன கண்ணு அன்னைக்கு திரும்பி வந்த மாதிரி இருந்துச்சு எனக்கு. அவங்கள தூக்கினவங்களத்தான் பேசுறேன்.

– தூக்கினது யாருன்னு தெரியுமா? நீதான்.

– நானா?

– திருவிழால நீதவான் அம்மா பேருக்கு அர்ச்சனை குடுத்தியே. ஸ்பீக்கர்ல தோட்டம் பூரா கேட்டுச்சு. அத எவனோ ஃபோன்ல எடுத்து, வழக்கு போட்டவங்க பூசை பண்ற அளவுக்கு நீதவான் அவங்க பக்கம்னு கொழும்புக்கு பெட்டிசம் அடிச்சிட்டான். மேல உள்ளவங்க வீடியோவ பாத்தாங்க, மாத்திட்டாங்க.

– அந்த அம்மாவ கூப்புட்டு ஒரு வார்த்த கேக்கலியா?

– கேட்டாங்களோ என்னமோ.

– ஒரு தேங்கா, ஒரு பழச்சீப்பு. இதுக்கே ஒரு நீதவான் போயிருவாங்களா? எங்க லயத்து வீட்டு கூரை தகரம் கூட காத்துக்கு கொஞ்ச நேரம் தாங்கும்.

– நான் சொல்றத கேளு. வெளிய தெரிஞ்சா உனக்குத்தான் அசிங்கம். வழக்க விட்டுட்டு தொரை கூட பேசி முடிச்சிருவோம். நான் பேசுறேன்.

– நான் பூசாரி காதுலதான் பேர சொன்னேன். மைக்குல சொல்லணும், உத்தியோகத்தோட சொல்லணும்னு நீங்கதானே சொன்னீங்க?

– ஒரு மரியாதைக்கு சொன்னேன். எவனாச்சும் வீடியோ எடுப்பான்னு எனக்கு தெரியுமா?

– இருக்கா அந்த வீடியோ?

– எல்லா ஃபோனுக்கும் வந்ததுதான். இந்தா, நீ செஞ்ச வேலைய நீயே பாரு.

– நல்லாத்தான் எடுத்திருக்கான். பூசாரி இருக்காரு. நான் கண்ண மூடி கையெடுத்து கும்புட்டுக்கிட்டு நிக்கிறேன், லூசு மாதிரி. கணக்கப்புள்ள இருக்காரு, மீனம்மா அக்கா இருக்காங்க, தப்பு அடிக்கிறவங்க கூட இருக்காங்க.

– பாத்தாச்சுல்ல? குடு ஃபோன.

– இருங்க. வருசா வருசம் பரிவட்டம் கட்டி பூசாரி பக்கத்துல நிக்கிறது தலைவர்தானே. அன்னைக்கும் கட்டினாங்க, நான் பாத்தேன். இதுல அந்த எடம் காலியா கெடக்கு. தோட்டமே நிக்கிது, நீங்க மட்டும் எங்க தலைவரே?