எழுத்தாளர் முகம்

மேடம்: இது ராணி முகம், மாஸ்டர். இதோட போய் என் நாவலைப் பத்தி எப்படிப் பேசறது?

மாஸ்டர்: ராணிக்குப் புருவம் இன்னும் மேல ஏறும் மேடம். இது மாமியார்.

மேடம்: மாமியார் எதுக்கு இப்போ?

மாஸ்டர்: கை தானா போயிடுச்சு. அழிச்சிடறேன்... எழுத்தாளர்னா எப்படி இருப்பாங்க?

மேடம்: தூங்காத மாதிரி. யார்கிட்டயோ திட்டு வாங்கின மாதிரி.

மாஸ்டர்: அப்போ மேக்கப்பே வேண்டாமே.

மேடம்: என்னது?

மாஸ்டர்: சும்மா சொன்னேன்.

மேடம்: சும்மா சொன்னா சிரிக்கணும். நீங்க சிரிக்கல.

மாஸ்டர்: நான் என்னைக்குச் சிரிச்சேன்?

அமைப்பாளர்: மேடம், கதவுக்கு வெளியதான் நிக்கறேன். பரிசு குடுக்கறவர் வந்துட்டார். ஹால் நிறைஞ்சிடுச்சு.

மேடம்: புருவம் இன்னும் காயல.

அமைப்பாளர்: சரிங்க மேடம்.

மாஸ்டர்: புருவம் எங்கயாவது காயுமா?

மேடம்: அவருக்கென்ன தெரியும்.

மாஸ்டர்: பயமா இருக்கா?

மேடம்: எனக்கா? கிரீடம் கழண்டு தபேலா மேல விழுந்தப்பகூட வசனத்தை விடாதவ நான்.

மாஸ்டர்: பின்ன ஏன் கதவையே பாக்கறீங்க?

மேடம்: அப்பல்லாம் யாரோ எழுதினதைப் பேசினேன். பிடிக்கலன்னா எழுதினவரைத் திட்டுவாங்க. இன்னைக்கு ரெண்டும் நான்தானே... ஆமா, நாடகம் நின்னதுக்கப்புறம் இத்தனை வருஷம் எங்க போனீங்க?

மாஸ்டர்: கல்யாண மேக்கப். பொண்ணுங்க ரொம்ப அசையறாங்க.

மேடம்: என்னை வந்து பாக்கணும்னு தோணலையா?

மாஸ்டர்: நீங்க கூப்பிடலையே.

மேடம்: கூப்பிட்டாதான் வருவீங்களா?

மாஸ்டர்: மேக்கப்மேன் கூப்பிடாம போய் நின்னா, உங்க மூஞ்சி சரியில்லன்னு சொல்ற மாதிரி ஆயிடும்... மேல பாருங்க. அங்க என்ன கேப்பாங்க?

மேடம்: நடிப்பை விட்டுட்டு ஏன் எழுத வந்தீங்கன்னு.

மாஸ்டர்: சொல்லிடுங்க.

மேடம்: எதை? கதாநாயகியா வந்தேன். அப்புறம் அவளுக்கு அக்கா, அவளுக்கு அம்மா, அவளுக்கு மாமியார். ஒருநாள் முதலாளி கூப்பிட்டு, உனக்குன்னே ஒரு வேஷம் இருக்குன்னார்.

மாஸ்டர்: பொணம்.

மேடம்: திரை தூக்கும்போதே செத்துக் கிடக்கணும். திரை விழற வரைக்கும் எழுந்திருக்கக் கூடாது.

மாஸ்டர்: பத்திரிகையிலகூட எழுதினாங்களே.

மேடம்: உயிரோட்டமான நடிப்புன்னு.

மாஸ்டர்: அந்த ஆள் நாடகம் பாத்திருக்க மாட்டார்.

மேடம்: படுத்துக்கிட்டு வேற என்ன பண்றது, மாஸ்டர்? மூத்த மகனா நடிச்சவன், 'அம்மா, இனி எங்களுக்கு யார் இருக்கா'ன்னு கதறுவான். மூச்சு பூரா வெங்காய வாசனை. நிஜ மகனா இருந்தா பீரோ சாவி எங்கன்னுதான் கேப்பான்னு எனக்குத் தோணும். அப்படியே, செத்தவ யாரு, எப்படி வாழ்ந்தா, யாரோட பேச்சை நிறுத்தினான்னு மனசுக்குள்ள ஓட்டிக்கிட்டே கிடப்பேன். நாடகம் நின்னப்ப பாதி நாவல் முடிஞ்சிருந்துச்சு.

மாஸ்டர்: இதையே சொல்லுங்க. நல்லாயிருக்கு.

மேடம்: இது இல்ல தொந்தரவு. அடுத்த கேள்விதான்... நாவலைப் படிச்சீங்களா?

மாஸ்டர்: கண்ணாடி மாத்தணும்.

மேடம்: படிச்சீங்களான்னு கேட்டேன்.

மாஸ்டர்: ...படிச்சேன்.

மேடம்: எல்லாரும் அழுது ஆர்ப்பாட்டம் பண்றப்ப, ஒருத்தர் மட்டும் வாயே திறக்காம வந்து உக்காருவாரே. செத்தவ முகத்தைத் துடைச்சுட்டு எழுந்து போயிடுவாரே. அவர் யாருன்னு போற இடமெல்லாம் கேக்கறாங்க.

மாஸ்டர்: கற்பனைன்னு சொல்லுங்க.

மேடம்: அதைத்தான் சொல்லிக்கிட்டு இருக்கேன்.

மாஸ்டர்: அப்புறமென்ன... வாயை மூடுங்க, உதட்டுக்குப் போடணும்.

மேடம்: அன்னைக்கு எதுக்கு மேடைக்கு வந்தீங்க?

மாஸ்டர்: என்னைக்கு?

மேடம்: நடிக்காதீங்க. உங்களுக்கு வராது.

மாஸ்டர்: ...பொணம் அழுதா நாடகம் என்னாவறது? ஓரத்துல நின்னு பாக்கறேன், கண்ணுல இருந்து காது வரைக்கும் தண்ணி ஓடுது. விளக்கு வேற நேரா மூஞ்சில. ஆணியில ஒரு சால்வை தொங்கிச்சு. போத்திக்கிட்டு உள்ள வந்துட்டேன்.

மேடம்: வந்து துடைச்சீங்க.

மாஸ்டர்: ஒத்தி எடுத்தேன். துடைச்சா பவுடர் போயிடும்.

மேடம்: அன்னைக்குக் காலையிலதான் எங்க வீட்டுக்காரர் பெட்டியைத் தூக்கிக்கிட்டுப் போனார், ஒரேயடியா. நான் யார்கிட்டயும் மூச்சு விடல.

மாஸ்டர்: மேக்கப் போடறப்பவே ஏதோ சரியில்லன்னு தெரிஞ்சுது. பவுடர் ஒட்டவே இல்ல.

மேடம்: ஏன்னு ஒரு வார்த்தை கேக்கலையே.

மாஸ்டர்: கேட்டா மறுபடி அழுவீங்க. மறுபடி பவுடர்.

மேடம்: முதலாளி திட்டினாரா?

மாஸ்டர்: அந்தம்மா அழற அன்னைக்கு மட்டும் போ, அழாத அன்னைக்கு மேடைப் பக்கம் வந்தா உன் சீட்டு கிழிஞ்சிடும்னார்.

மேடம்: ஆனா தினமும் வந்தீங்க.

மாஸ்டர்: தினமும் அழுதீங்களே.

அமைப்பாளர்: மேடம், பேர் வாசிக்கப் போறாங்க.

மேடம்: வந்துட்டேன்... யார் மாதிரி இருக்கேன் மாஸ்டர்?

மாஸ்டர்: யார் மாதிரியும் இல்ல. அதான் இவ்வளவு நேரமாச்சு.

மேடம்: இன்னைக்குக் கேட்டா, அவர் யாருன்னு சொல்லிடப் போறேன். உங்களை எழுந்து நிக்கவும் சொல்வேன்.

மாஸ்டர்: இந்தச் சட்டையோடயா?

மேடம்: அந்தச் சட்டைக்கு என்ன? முடிஞ்சதும் எங்க வீட்டுக்குச் சாப்பிட வாங்க. நேரமானா உங்க வீட்டுல யாராவது தேடுவாங்களா?

மாஸ்டர்: தேட யார் இருக்கா.

மேடம்: அப்போ, போறதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லிடறேன். நிஜமா அழுதது அந்த முதல் நாள் மட்டும்தான். அப்புறமெல்லாம் உங்க பெட்டியில இருந்து எடுத்த கிளிசரின். நீங்க வரணும்னுதான்.

மாஸ்டர்: தெரியும். தீரத் தீர அந்தப் பாட்டிலை யார் ரொப்பி வெச்சாங்கன்னு நினைச்சீங்க?